மாதத் தவணையைப் பார்க்கிறோம், மொத்தத்தைப் பார்க்கிறோமா?

வீட்டுக்கடன் பற்றித் தெரிந்துகொள்வோம்



நம் கூட்டமைப்பு அலுவலகத்துக்கு ஒரு சகோதரி வந்தார். குழுவில் பல வருடம் ஊக்குநராக இருந்தவர். ஐந்து வருடம் முன்பு ஒரு வீட்டுக்கடன் நிறுவனத்தில் 5 லட்சம் ரூபாய் கடன் வாங்கி வீடு கட்டினார். 15 வருடக் கடன். மாதம் 6,001 ரூபாய் தவணை. ஒரு மாதம்கூட தவறவில்லை. சீட்டு எடுத்த பணம் 50,000 கையில் இருந்தது. அதைக் கடனில் கட்டலாம் என்று நிறுவனத்துக்குப் போய், "இன்னும் எவ்வளவு பாக்கி?" என்று கேட்டிருக்கிறார். 4 லட்சத்து 18 ஆயிரம் என்று தாளில் அடித்துக் கொடுத்துவிட்டார்கள்.

அந்தத் தாளை எங்களிடம் நீட்டி, "அஞ்சு வருஷத்தில் மூணு லட்சத்து அறுபதாயிரம் கட்டியிருக்கேன். அசலில் வெறும் 82 ஆயிரம்தான் கழிஞ்சிருக்காம். மீதிக் காசு எங்கே போச்சு? ஏமாத்திட்டாங்களா?" என்று கேட்டார். கண் கலங்கிவிட்டது.

நாங்கள் உட்கார்ந்து கணக்குப் போட்டுப் பார்த்தோம். யாரும் ஏமாற்றவில்லை. கணக்கு சரியாகத்தான் இருந்தது. ஆனால் கையெழுத்துப் போட்ட அன்றைக்கு இந்தக் கணக்கை அவருக்கு யாரும் சொல்லவில்லை, அவரும் கேட்கவில்லை. நம்மில் பலரும் இப்போது வீட்டுக்கடன் வாங்குகிறோம். அதனால் இதை எல்லோரும் தெரிந்துகொள்வது நல்லது.

காசு எங்கே போகிறது?

குழுவில் நாம் உள்கடன் கொடுக்கிறோம். நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டி. 10,000 ரூபாய் வாங்கி 10 மாதத்தில் கட்டினால் முதல் மாதம் அசல் 1,000, வட்டி 100. அடுத்த மாதம் 9,000-க்குத்தான் வட்டி, அதாவது 90. அப்புறம் 80, 70 என்று இறங்கும். மொத்த வட்டி 550 ரூபாய். இது நம் எல்லோருக்கும் தெரிந்த கணக்கு.

அந்தச் சகோதரியின் கடனும் அதே நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டிதான். வருடத்துக்கு 12 சதவீதம். மாறும் வட்டி என்று தாளில் இருந்தாலும், இந்த ஐந்து வருடத்தில் அவருக்கு வட்டி மாறவில்லை. ஒரே வித்தியாசம், அங்கே எல்லா மாதமும் ஒரே அளவுத் தவணை. முதல் மாதம் 5 லட்சத்துக்கு வட்டி 5,000. அவர் கட்டியது 6,001. வட்டி போக அசலுக்குப் போனது 1,001 மட்டும். இரண்டாம் மாதம் வட்டி 4,990, அசல் 1,011. இப்படி அசல் ஆமை மாதிரித்தான் குறையும். முதல் வருடம் முழுக்க 72,000 கட்டினால் அசலில் 12,700 ரூபாய்தான் கழியும். அசலில் பாதி தீருவதற்கே பத்தரை வருடம் ஆகும். கடைசி வருடங்களில்தான் அசல் மளமளவென்று இறங்கும்.

தவணை குறைந்தால் கடன் மலிவா?

"அக்கா, உங்களுக்குத் தவணை கஷ்டமா இருக்கா? 20 வருஷமா போட்டுடலாம், மாசம் ஐநூறு ரூபாய் குறையும்" என்று ஏஜெண்டு சொல்வார். கேட்க நன்றாகத்தான் இருக்கும். 5 லட்சம் ரூபாய்க் கடனுக்கு, 12 சதவீத வட்டியில் இந்த மூன்று கணக்கையும் பாருங்கள்:

10 வருடம்: மாதத் தவணை 7,174. மொத்தம் கட்டுவது சுமார் 8 லட்சத்து 61 ஆயிரம்.

15 வருடம்: மாதத் தவணை 6,001. மொத்தம் சுமார் 10 லட்சத்து 80 ஆயிரம்.

20 வருடம்: மாதத் தவணை 5,505. மொத்தம் சுமார் 13 லட்சத்து 21 ஆயிரம்.

15-ஐ 20 ஆக்கினால் மாதம் 496 ரூபாய் மிச்சம். அதற்காக நாம் கொடுக்கும் விலை 2 லட்சத்து 41 ஆயிரம். ஒரு வீடு கட்டக் கடன் வாங்கி, இரண்டரை வீட்டுக் காசைக் கட்டுகிறோம். அதற்காக முடியாத தவணையை ஒப்புக்கொள்ளவும் கூடாது. மழை இல்லாத வருடத்திலும், வேலை இல்லாத மாதத்திலும் கட்ட முடிகிற தொகை எது என்று முதலில் வீட்டில் பேசுங்கள். அந்தத் தொகைக்குள் எவ்வளவு குறைந்த வருடம் வருமோ அதைக் கேளுங்கள். அதுவும் கட்டுப்படி ஆகவில்லை என்றால் கடன் தொகையைக் குறைக்க முடியுமா பாருங்கள். மாடி, போர்டிகோ பிறகு கட்டிக்கொள்ளலாம். அரசு வீட்டுத் திட்டத்தில் நம் பெயர் வருமா என்று ஊராட்சி அலுவலகத்திலும் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள்.

நேர் வட்டியா, குறையும் வட்டியா?

இன்னொரு இடத்திலும் ஏமாறுகிறோம். சில இடங்களில், முக்கியமாக வீடு பழுது பார்க்கும் சின்னக் கடன்களில், "ஃபிளாட் ரேட்" என்று சொல்வார்கள். அதாவது நாம் அசலைக் கட்டக் கட்ட வட்டி குறையாது. கடைசி மாதம் வரை முழுத் தொகைக்கும் வட்டி. மேலே சொன்ன 10,000 ரூபாய் உள்கடனை அப்படிக் கணக்குப் போட்டால் வட்டி 550 அல்ல, 1,000. அதே 5 லட்சம், 12 சதவீதம், 15 வருடம் ஃபிளாட் ரேட்டில் போட்டால் வட்டி மட்டும் 9 லட்சம். குறையும் வட்டியில் 5 லட்சத்து 80 ஆயிரம்தான். வாயில் சொல்வது இரண்டுமே 12 சதவீதம். உண்மையில் அந்த ஃபிளாட் ரேட் 12 என்பது குறையும் வட்டிக் கணக்கில் சுமார் 17 சதவீதத்துக்குச் சமம்.

வட்டி ஏறினால் நமக்குத் தெரியுமா?

வீட்டுக்கடன் பெரும்பாலும் மாறும் வட்டியில்தான் வருகிறது. 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரிசர்வ் வங்கி தன் ரெப்போ வட்டியை 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதம் வரை ஏற்றியது. அப்போது பலருக்குத் தவணை மாறவில்லை. அதனால் வட்டி ஏறியதே தெரியவில்லை. சத்தமில்லாமல் மாதங்களைக் கூட்டிவிட்டார்கள். நம் 5 லட்சம் கடனில் ஆரம்பத்திலேயே வட்டி 12-லிருந்து 13 ஆகி, தவணை அதே 6,001 ஆக இருந்தால் 180 தவணை 216 ஆகும். ஒரே ஒரு சதவீதத்துக்கு மூன்று வருடம் கூடுதல்!

இதற்கு 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு உத்தரவு போட்டது. வட்டி மாறினால் கடன்காரருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையைக் கூட்டுவதா, மாதத்தைக் கூட்டுவதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமையையும் கொடுக்க வேண்டும். 2025-இல் ரெப்போ வட்டி பல தடவை இறங்கியது. இறங்கியது நம் கடனிலும் இறங்கியதா என்று கேட்பதும் நம் உரிமைதான்.

தவணையில் தெரியாத செலவுகள்

செயலாக்கக் கட்டணம், வக்கீல் கருத்துரை, கட்டட மதிப்பீடு, அடமானப் பதிவுச் செலவு எல்லாம் தனி. சில சமயம் 20,000 ரூபாய்க்கு இன்சூரன்ஸ் போட்டு அதையும் கடனோடு சேர்த்துவிடுவார்கள். 15 வருடம் வட்டியோடு கட்டினால் அது சுமார் 43,000 ஆகிவிடும். இன்சூரன்ஸ் வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை. குடும்பத்தில் சம்பாதிப்பவருக்கு ஏதாவது ஆனால் அது கைகொடுக்கும். ஆனால் என்ன இன்சூரன்ஸ், எத்தனை வருடத்துக்கு என்று கேட்டு, முடிந்தால் கைக்காசாகக் கட்டுங்கள்.

அப்புறம், வீடு கட்டக் கடன் மொத்தமாக வராது. பேஸ்மட்டம், லிண்டல், கான்கிரீட் என்று கட்டம் கட்டமாக வரும். எடுத்த பணத்துக்கு அன்றிலிருந்தே வட்டி ஓடும். முழுக்கடனும் எடுக்கும் வரை வட்டி மட்டும் கட்டுவோம், அசல் ஒரு ரூபாய்கூடக் குறையாது. கொத்தனார் வரவில்லை, மணல் கிடைக்கவில்லை என்று வேலை ஆறு மாதம் நின்றால், அந்த ஆறு மாத வட்டியும் வீட்டின் விலைதான்.

முன்கூட்டியே கட்டினால் என்ன லாபம்?

இதுதான் நம் கையில் இருக்கும் பெரிய ஆயுதம். முதல் வருட முடிவில் 50,000 ரூபாய் அதிகமாகக் கட்டி, தவணையை அப்படியே வைத்தால், கடைசியில் சுமார் 37 தவணை குறையும். போட்ட 50,000 போக மிச்சம் ஒரு லட்சத்து 70 ஆயிரத்துக்கு மேல். பெரிய தொகை இல்லையா? ஆரம்பத்திலிருந்தே மாதம் 500 ரூபாய் சேர்த்துக் கட்டினால் 32 மாதம் முன்னாலேயே கடன் முடியும். மிச்சம் சுமார் ஒரு லட்சத்து 22 ஆயிரம்.

தனிநபர் பெயரில் உள்ள மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டியே அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக்கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. வீட்டுக்கடன் நிறுவனங்களுக்கும் இப்படி விதி உண்டு.

ஒரு விஷயத்தை மறக்கக்கூடாது. அதிகமாகக் கட்டும்போது, "தவணைத் தொகையைக் குறைக்க வேண்டாம், மாதங்களைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுத்து, புதுக் கணக்குத் தாளைக் கையில் வாங்குங்கள்.

கையெழுத்துக்கு முன் கேட்க வேண்டியவை

1. கடைசி வரை மொத்தம் எவ்வளவு கட்டுவேன்?

2. குறையும் வட்டியா, ஃபிளாட் ரேட்டா?

3. வட்டி மாறுமா? மாறினால் எனக்கு எப்படித் தெரியும்?

4. கட்டணம், இன்சூரன்ஸ் எல்லாம் சேர்த்து எவ்வளவு? என் கைக்கு வருவது எவ்வளவு?

5. முன்கூட்டியே கட்டினால் பிடித்தம் உண்டா?

6. பத்திரத்தில் என் பெயர் இருக்கிறதா? கடனுக்குக் கையெழுத்து நம்முடையது, வீடு மட்டும் வேறு பெயரில் என்றால் யோசிக்க வேண்டும்.

இதை வாயால் கேட்டு விட்டுவிடாதீர்கள். 2024 அக்டோபர் 1 முதல் புதிதாகக் கொடுக்கும் வீட்டுக்கடனுக்கு முக்கிய விவர அறிக்கை என்று ஒரு தாள் கொடுக்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. நமக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும். கட்டணங்களையும் சேர்த்த உண்மையான வருட வட்டி, தவணை அட்டவணை எல்லாம் அதில் இருக்கும். அதில் இல்லாத கட்டணத்தை நம் சம்மதம் இல்லாமல் வசூலிக்க முடியாது. "தமிழில் கொடுங்க, வீட்டுக்குக் கொண்டுபோய்ப் படிச்சுட்டு வரேன்" என்று தைரியமாகச் சொல்லுங்கள்.

கட்ட முடியாமல் போனால் ஒளிய வேண்டாம். 90 நாளுக்கு மேல் பாக்கி நின்றால் வாராக்கடன் என்று எழுதிவிடுவார்கள். அதன் பிறகு 2002-ஆம் வருட சர்ஃபேசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, வழக்குப் போடாமலே வீட்டைக் கையகப்படுத்தும் வேலையைத் தொடங்கலாம். முதல் தவணை தவறும்போதே நிறுவனத்துக்குப் போய்ப் பேசுங்கள், குழுவிலும் சொல்லுங்கள். கடன் முழுக்க முடிந்தால் 30 நாளுக்குள் அசல் பத்திரம் திரும்பி வர வேண்டும். அவர்கள் தவறால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் நமக்குத் தர வேண்டும். 2023 டிசம்பர் முதல் இந்த விதி இருக்கிறது. நியாயம் கிடைக்காவிட்டால் வங்கி மீது ரிசர்வ் வங்கிக் குறைதீர்ப்பாளரிடமும், வீட்டுக்கடன் நிறுவனம் மீது தேசிய வீட்டுவசதி வங்கியிடமும் புகார் செய்யலாம். கட்டணம் கிடையாது.

முதலில் சொன்ன சகோதரி என்ன செய்தார்? அந்த 50,000-ஐ அசலில் கட்டினார். "தவணையைக் குறைச்சுத் தரட்டுமா?" என்று நிறுவனத்தில் கேட்டார்கள். "வேண்டாம், மாசத்தைக் குறைங்க" என்று எழுதிக் கொடுத்தார். 24 தவணை குறைந்தது. "முதல் வருஷமே தெரிஞ்சிருந்தா மூணு வருஷம் குறைஞ்சிருக்குமே" என்று இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறார். இந்தக் கணக்கை எல்லோருக்கும் சொல்லுங்கள் என்று எங்களைக் கேட்டுக்கொண்டதும் அவர்தான்.

சகோதரிகளே, சொந்த வீடு நம் எல்லோருடைய கனவு. வீடு கட்ட வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை. உள்கடனில் ஒரு ரூபாய் குறைந்தாலும் கூட்டத்தில் எழுந்து கேட்கிறோமே, அதே கேள்வியை வங்கியிலும் கேட்போம். அடுத்த குழுக் கூட்டத்தில் இந்தப் பக்கத்தை ஒருவர் சத்தமாகப் படியுங்கள். ஏற்கெனவே வீட்டுக்கடன் உள்ளவர்கள் உங்கள் கணக்குத் தாளை எடுத்துக்கொண்டு கூட்டமைப்பு அலுவலகத்துக்கு வாருங்கள். சேர்ந்து உட்கார்ந்து கணக்குப் பார்ப்போம்.