பெரிய மார்க்கெட்ல பேரம் பேசலாம்... ஆராய்ச்சிக் கட்டுரைக்கு ஏன் முடியாது?

புதுச்சேரி பெரிய மார்க்கெட்ல ஒரு கடையில் தக்காளி விலை அதிகம்னா, அடுத்த கடைக்குப் போயிடலாம். ஆனா இணையத்தில் தேடிப் பிடித்த ஓர் ஆராய்ச்சிக் கட்டுரையைத் திறக்க 30 டாலருக்கு மேல், அதாவது 2,500 ரூபாய்க்கு மேல் கேட்டால்? பேரமும் கிடையாது, அடுத்த கடையும் கிடையாது. அந்தக் கட்டுரையை அந்த இதழ் மட்டும்தான் விற்கும்.

வேலைக்காகவோ, போட்டித் தேர்வுக்காகவோ நம்பகமான தகவல் தேடுகிற எல்லோருக்கும் இந்த அனுபவம் இருக்கும். ஏன் இப்படி? சட்டப்படியே இலவசமாகப் படிக்க வழி இருக்கா?

விளைவிச்சவருக்குக் காசு போகுதா?

காய்கறிக்கு, குறைவோ நிறைவோ, விவசாயிக்கு ஒரு விலை கிடைக்கும். ஆராய்ச்சி இதழில் அப்படி இல்லை. கட்டுரை எழுதுகிறவருக்கு இதழ் பொதுவாகப் பணம் தருவதில்லை. அதைச் சரிபார்க்கும் சக ஆய்வாளர்களும் பெரும்பாலும் ஊதியம் வாங்காமல்தான் செய்றாங்க. அவங்க சம்பளமும் ஆய்வு நிதியும் பல நேரங்களில் மக்களின் வரிப்பணம். அதே கட்டுரையைப் படிக்க, அரசுப் பல்கலைக்கழக நூலகம் மறுபடியும் வரிப்பணத்தில் சந்தா கட்டுது.

பதிப்பகங்களுக்கும் எடிட்டிங், சர்வர், பாதுகாப்பு என்று செலவு இருக்கு. ஆனா ஒரு இதழுக்குப் பதில் இன்னொன்றை வாங்க முடியாது என்பதால், விலையை முடிவு செய்வது விற்பவர்தான்.

அகராதி, சொல்லடைவு ஏன் விலை அதிகம்?

ரெஃபரன்ஸ் புத்தகங்களின் கதை வேற. இங்கே உழைப்பு மிக அதிகம், வாங்குபவர்கள் மிகக் குறைவு. சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன் பணி 1913-ல் தொடங்கியது. 1924 முதல் 1936 வரை 6 தொகுதிகளாக வந்து, 1939-ல் இணைப்புத் தொகுதியோடு முடிந்தது. 1 லட்சத்துக்கும் மேற்பட்ட சொற்கள் அதில் இருக்கு.

புதுச்சேரியிலேயே இதற்கு உதாரணம் உண்டு. 1955-ல் தொடங்கிய பிரெஞ்சு ஆய்வு நிறுவனம், பழந்தமிழ் இலக்கியத்தில் எந்தச் சொல் எங்கே வருது என்று காட்டும் சொல்லடைவை 1967 முதல் 1970 வரை 3 தொகுதிகளாக வெளியிட்டது. கம்ப்யூட்டர் தேடல் கைக்கு வராத காலத்தில், இப்படி ஒரு நூல் ஆய்வாளருக்கு எத்தனை மாத வேலையை மிச்சப்படுத்தியிருக்கும்னு யோசிச்சுப் பாருங்க. ஆனா இதைக் காசு கொடுத்து வாங்குவது பெரும்பாலும் நூலகங்கள்தான். குறைவாக அச்சடிக்கும்போது ஒரு பிரதியின் விலை தானாக ஏறும்.

‘ஒரே நாடு ஒரே சந்தா’ என்ன செய்யுது?

இதழ்ச் சந்தாவை ஒவ்வொரு நூலகமும் தனித்தனியாகக் கட்டாமல், நாடே சேர்ந்து பேரம் பேசும் திட்டம் இது. 2024 நவம்பர் 25-ல் மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்தது. 2025 முதல் 2027 வரை 3 ஆண்டுகளுக்கு 6,000 கோடி ரூபாய். 30 பதிப்பகங்களின் சுமார் 13,000 இதழ்கள், 6,300-க்கும் மேற்பட்ட அரசுக் கல்வி, ஆய்வு நிறுவனங்களுக்கு. பயன்பெறுவோர் ஏறக்குறைய 1.8 கோடி பேர்.

புதுவைப் பல்கலைக்கழகம், ஜிப்மர் போன்ற மத்திய அரசு நிறுவனங்களில் படிக்கிறவங்களுக்கு இது பெரிய லாபம்தான். ஆனா 2 இடைவெளிகள் இருக்கு. ஒன்று, திட்டம் இதழ்களுக்கு மட்டும்தான். அகராதி, கலைக்களஞ்சியம் போன்றவற்றுக்கு நூலகத்தின் சொந்த பட்ஜெட்தான் கதி. இரண்டு, தனியார் கல்லூரி மாணவர்களும், படிப்பை முடித்து வெளியே வந்தவர்களும் இப்போதைக்கு இதில் இல்லை. 2020-ல் வெளியான அறிவியல் கொள்கை வரைவு, இந்தியாவில் உள்ள எல்லோருக்கும் இந்த வசதி கிடைக்கணும்னு சொன்னது. நடைமுறைக்கு வந்தது அதில் ஒரு பகுதிதான்.

சரி, நமக்கு என்ன வழி?

* தமிழ் லெக்சிகனை சிகாகோ பல்கலைக்கழகத்தின் தெற்காசிய டிஜிட்டல் அகராதிகள் தளத்தில் இலவசமாகத் தேடலாம்.

* இந்தியப் பல்கலைக்கழகங்களின் முனைவர் பட்ட ஆய்வேடுகள் லட்சக்கணக்கில் ‘ஷோத்கங்கா’ தளத்தில் இருக்கு. பணம் வேண்டாம்.

* பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தின் பல வெளியீடுகளை ‘ஓப்பன் எடிஷன்’ தளத்தில் படிக்கலாம்.

* ‘அன்பேவால்’ என்ற பிரவுசர் வசதி, ஒரு கட்டுரையின் சட்டப்பூர்வமான இலவசப் பிரதி எங்காவது இருந்தால் காட்டும்.

* எதுவும் கிடைக்கலையா? கட்டுரையின் முதல் பக்கத்தில் ஆசிரியரின் மின்னஞ்சல் இருக்கும். மரியாதையாகக் கேட்டால் பலர் பிடிஎஃப் அனுப்பிடுவாங்க.

* அச்சுப் புத்தகம்தான் வேணும்னா, 1827-ல் தொடங்கிய ரொமேன் ரோலண்ட் நூலகம் பெரிய மார்க்கெட்டில் இருந்து நடக்கும் தூரம்தான். ரெஃபரன்ஸ் நூல்களைப் பொதுவாக எந்த நூலகமும் வீட்டுக்குத் தராது, நோட்டோடு போங்க. எங்கே தேடுவதுன்னு தெரியலைனா நூலகரிடம் கேளுங்க. அதுதான் அவங்க படிச்ச படிப்பு.

இப்போதைய ஒதுக்கீடு 2027 வரைதான். அதன் பிறகு போடப்படும் ஒப்பந்தத்தில் ஊர்ப் பொது நூலகத்தின் ஒரு கம்ப்யூட்டராவது சேருமா? சேர்ந்தால், கல்லூரி ஐடி கார்டு இல்லாதவரும் அதே கட்டுரையைப் படிக்கலாம். வரி கட்டுறதுல அவரும் இருக்காரே!