வயலின்காரரின் கூலி எங்கே?

படம் பார்த்துத் திரும்பும் தோழரை நிறுத்திக் கேளுங்கள். கதாநாயகன் யார்? சொல்லுவார். பாடியவர் யார்? அதையும் சொல்லுவார். வயலின் வாசித்தவர் யார்? தபேலா தட்டியவர் யார்? தெரியாது! அவர்களுக்கு உரிய கூலி கிடைத்ததா? அதுவும் தெரியாது!

அந்தக் கேள்வியைக் கேட்ட இசையமைப்பாளர் ஒருவர் இருந்தார். எம்.பி.சீனிவாசன் அவர். 1925-ல் சித்தூரில் பிறந்தவர். சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்றவர். பொதுவுடைமை இயக்கத்தில் வளர்ந்தவர்.

1960-ல் வந்தது 'பாதை தெரியுது பார்'. ஒரு பெரிய முதலாளியின் பணமா? இல்லை, பலர் பங்கு போட்டுச் சேர்த்த பணம்! இயக்கியவர் வங்கத்து நிமாய் கோஷ். ஜெயகாந்தனும் பாட்டெழுதினார். படம் வசூலாகவில்லை, பாட்டுகளோ மக்கள் வாயில் நின்றன.

மலையாளம் அவரை அழைத்தது. 1961-ல் 'கால்பாடுகள்' படத்துக்காக யேசுதாஸ் என்ற இளைஞரை முதன்முதலாகப் பாடவைத்தவர் இவரே. எதைப் பாடவைத்தார்? சாதி பேதத்தை மறுக்கும் நாராயண குருவின் வாக்கை!

1972-ல் அடூர் கோபாலகிருஷ்ணனின் 'சுயம்வரம்'. தயாரித்தது சித்ரலேகா என்னும் கூட்டுறவுச் சங்கம். காதலர் ஓடியாடும் டூயட் அதில் கிடையாது. இருந்தும் இசை இருந்தது. அகில இந்தியச் சிறந்த படமென விருதும் வந்தது. 1977-ல் ஜான் ஆபிரகாமின் 'அக்கிரகாரத்தில் கழுதை'க்கு இசையமைத்தார். பேராசிரியராக நடித்தும் கொடுத்தார். 1981-ல் 'எலிப்பத்தாயம்'.

இவையெல்லாம் சிறு பணத்துப் படங்கள். பணம் குறைந்தால் முதல் வெட்டு எங்கே விழும்? வாத்தியக்காரரின் கூலியில்தான்! "கலைக்காகப் பொறுத்துக்கொள்" என்பார்கள். கலை அடுப்பெரிக்குமா? கலை வாடகை கொடுக்குமா?

குறைந்த கூலிக்கு ஆள் கிடைத்தால் இசையமைப்பாளருக்கு லாபம். ஆனால் அந்த லாபத்தை அவர் நாடவில்லை. சென்னையில் திரை இசைக் கலைஞர்களுக்குச் சங்கம் கட்ட முன்னின்றார். தமக்கும் செலவு வைக்கும் சங்கத்தைத் தாமே கட்டினார்! நாணயம் என்பது இதுதான்.

பின்னர் சென்னை இளைஞர் சேர்ந்திசைக் குழுவை அமைத்தார். ஒருவர் பாட மற்றவர் கேட்கும் முறையல்ல. எல்லாரும் சேர்ந்து பாடும் முறை! மேடையில் அவர் காட்டியதும் சங்கத்தில் அவர் காட்டியதும் ஒன்றே.

1988 மார்ச் 9-ல் லட்சத்தீவில் அவர் மூச்சு நின்றது. கேள்வி நிற்கவில்லை. இன்று கணிப்பொறி ஒன்றே நாற்பது வயலின் ஒலி தருகிறது. சிறு படம் எடுக்கும் இளைஞருக்கு அது வசதிதான், மறுக்கவில்லை. ஆனால், தோழரே, நாற்பது வயலின்காரர்களின் அடுப்பு?

தனிப் படம் எடுப்போர் வாழ்க! கூலி கொடுத்து எடுப்போர் இன்னும் வாழ்க!