கத்தி பரப்பும் நோய்; பழி யார் தலையில்?



சென்ற மாதம் ஜொகூரில் ஆர்க்கிட் பூத்தோட்டத்தில் வேலை செய்யும் ஒரு தங்கச்சி என்னைத் தேடி வந்தார். பால்மரத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர். கண்ணெல்லாம் கலங்கியிருந்தது.

"அண்ணே, செடியெல்லாம் கெட்டுப் போனதுக்கு நாந்தான் காரணமாம். சம்பளத்துல பிடிக்கப் போறேன்னு மண்டோர் சொல்றாரு. அவங்க குடுத்த கத்தியிலதானே வெட்டினேன்? நான் என்ன பாவம் பண்ணேன்?"

மறுநாள் நேரில் போய்ப் பார்த்தேன். இலைகளில் மஞ்சள் கோடுகள். சில இலைகளில் கறுத்துக் குழிந்த புள்ளிகள். பூவைப் பார்த்தால், சாயம் கலைந்த சேலை மாதிரி நிறம் திட்டுத் திட்டாய் இருந்தது. இந்தப் பூவைக் கடைக்காரன் வாங்குவானா?

இது வைரஸ் நோய். ஆர்க்கிட் செடியை உலகமெங்கும் அதிகம் வாட்டுபவை இரண்டு. ஒன்று சிம்பிடியம் மொசைக். மற்றொன்று ஓடொண்டோகுளோசம் ரிங்ஸ்பாட். பெயர் வாயில் நுழையாவிட்டால் போகட்டும். அது எப்படிப் பரவுகிறது என்பதை மட்டும் மனதில் வையுங்கள். முக்கியமாகச் செடியின் சாற்றில்தான் பரவுகிறது. நோயுள்ள செடியை வெட்டிய கத்தியில் சாறு ஒட்டும். அதே கத்தியால் அடுத்த செடியை வெட்டினால் நோய் அங்கே குடியேறிவிடும். கை விரல், பழைய சட்டி, மறுபடி பயன்படுத்தும் கரித்துண்டு எல்லாம் அப்படித்தான்.

பால் வெட்டியவர்களுக்கு இது புதிதல்ல. மழைக்காலத்தில் வெட்டுப்பட்டையில் பூஞ்சணம் பிடித்து அழுகுமே, அதுவும் உளி வழியாக மரத்துக்கு மரம் தாவும். ஆனால் பூஞ்சணத்துக்கு மருந்து பூசலாம். வைரஸ் பிடித்த ஆர்க்கிட்டுக்கு மருந்தே கிடையாது. பிடுங்கி எரிப்பதுதான் வழி. மனிதருக்கு இது தொற்றாது, பயம் வேண்டாம்.

இன்னொரு விஷயம். நோய் இருந்தும் வெளியில் தெரியாத செடிகள் நிறைய உண்டு. பார்க்கப் பச்சைப்பசேல் என்றிருக்கும், உள்ளே வைரஸ் இருக்கும். அதைக் கண்ணால் கண்டுபிடிக்க முடியாது. எலைசா போன்ற பரிசோதனைதான் காட்டும்.

நாற்று எப்படி வருகிறது என்றும் பாருங்கள். 1960-இல் பிரெஞ்சு விஞ்ஞானி ஜார்ஜ் மொரேல், சிம்பிடியம் செடியின் குருத்து நுனியை மட்டும் எடுத்துக் கண்ணாடிக் குடுவையில் வளர்த்து, வைரஸ் இல்லாத செடியை உண்டாக்கும் வழியைக் காட்டினார். அந்த முறையில் ஒரு தாய்ச்செடியிலிருந்து ஆயிரக்கணக்கில் நாற்று எடுக்கலாம். தாயைச் சோதிக்காமல் எடுத்தால்? நோயும் ஆயிரக்கணக்கில் பெருகும். தொழிலாளி கத்தியைத் தொடுமுன்பே செடி நோயோடு வந்திருக்கலாம்.

இதைத்தான் நிர்வாகியிடம் சொன்னேன். "ஐயா, புதுசா வந்த நாற்றையும் சோதிச்சுப் பாருங்க. அதுக்கப்புறம் யார் குற்றம்னு பேசுவோம்" என்றேன். முதலில் முகம் சுளித்தார். பிறகு அனுப்பினார். கத்தியே படாத நாற்றிலும் வைரஸ் இருந்தது! சம்பளப் பிடித்தம் என்ற பேச்சு அன்றோடு நின்றது.

பிடித்தம் பற்றிச் சட்டம் என்ன சொல்கிறது? 1955-ஆம் ஆண்டு வேலைவாய்ப்புச் சட்டத்தின் 24-ஆம் பிரிவு, சட்டம் அனுமதித்தவை தவிர வேறெதையும் சம்பளத்தில் பிடிக்கக்கூடாது என்கிறது. "செடி செத்தது, காசைக் கொடு" என்று மண்டோர் தன்னிஷ்டத்துக்குப் பிடிக்க முடியாது. பிடித்தால் சம்பளச் சீட்டைப் பத்திரமாக வைத்துக்கொண்டு சங்கத்துக்கோ தொழிலாளர் இலாகாவுக்கோ வாருங்கள்.

அதற்காக நம் பொறுப்பு தீர்ந்ததா? இல்லை. ஒவ்வொரு செடிக்கும் சுத்தமான கத்தி வேண்டும். ஆளுக்கு இரண்டு மூன்று கத்தி இருந்தால், ஒன்றில் வெட்டும்போது மற்றது மருந்துத் தண்ணீரில் ஊறும். 100 மில்லி தண்ணீருக்கு 10 கிராம் டிரைசோடியம் பாஸ்பேட் கரைத்தால் போதும். கத்தியைத் தீயில் காட்டுவதும் நல்ல வழி. ஸ்பிரிட்டில் துடைத்தால் மட்டும் நம்ப முடியாது. அந்த மருந்து தோலை அரிக்கும். கையுறையும் கண்ணாடியும் முதலாளி தரவேண்டும். கையையும் அடிக்கடி சோப்பு போட்டுக் கழுவ வேண்டும்.

இங்கேதான் சிக்கல். பூக்கட்டுக் கணக்கில் கூலி கொடுத்துவிட்டு, கத்தியையும் ஊறவை என்றால் எப்படி? ஊறவைக்கும் நேரத்தில் கட்டு குறையும், கூலியும் குறையும். வயிற்றுக்காக அவசரப்படுகிறவள் கத்தியைக் கழுவாமல் ஓடத்தான் செய்வாள். கத்தி கழுவுவதும் வேலைதான். அந்த நேரத்துக்கும் கூலி உண்டு என்று எழுதி வாங்க வேண்டும்.

அந்தத் தங்கச்சிக்கு இன்றைக்கும் ஒரே கத்திதான். அடுத்த வாரம் மறுபடி பேசப் போகிறோம். இந்த முறை அவர் தனியாக வரமாட்டார். அங்கே வேலை செய்யும் அத்தனை பேரும் சேர்ந்து வருவதாகச் சொல்லியிருக்கிறார்கள்.