காட்டுமாடு கோபப்படுவதற்கு முன் என்ன சொல்கிறது?

கொடைக்கானல் மலையில் பொழுது சாயும் நேரம். பள்ளங்கியில் பூண்டும் கேரட்டும் பீன்ஸும் விளையும் அடுக்கடுக்கான தோட்டங்கள் மீது மெல்லப் பனிமூட்டம் இறங்குகிறது. மண்வெட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு ஆட்கள் வீடு திரும்புகிறார்கள். தோட்டம் அமைதியான கொஞ்ச நேரத்தில், மேலே மரங்களுக்கு நடுவே ஒரு பெரிய கறுப்பு உருவம் அசைகிறது. முழங்காலுக்குக் கீழே வெள்ளைக் காலுறை போட்டதுபோல நான்கு கால்கள். நின்று பார்க்கிறது. காற்றை மோந்து பார்க்கிறது. பிறகுதான் அடுத்த அடி எடுத்து வைக்கிறது.

காட்டுமாடு வந்துவிட்டது!

பள்ளங்கி, வில்பட்டி, அட்டுவம்பட்டி என்று கொடைக்கானலைச் சுற்றியுள்ள ஊர்க்காரர்களுக்கு இது பழகிய காட்சி. கொடைக்கானல் நகரத்துக்குள் பேருந்துகளுக்கு நடுவே இவை நடந்து போவதையும் பலர் பார்த்திருப்பீர்கள். 'வழி தவறி ஊருக்குள் வந்துவிட்டது, பாவம்' என்று நினைக்கத் தோன்றும். ஆனால், இந்த விலங்குக்கு வழி நன்றாகவே தெரியும். நம்மைப் பற்றியும் அதற்குக் கொஞ்சம் தெரியும்.

எருமை இல்லை, மாடு!

'காட்டெருமை' என்று நாம் சொல்லிப் பழகிவிட்டோம். உண்மையில் இது எருமை இனம் இல்லை. நம் வீட்டுப் பசுவும் காளையும் எந்தக் குடும்பமோ, அதே குடும்பம். சங்கத் தமிழில் 'ஆமா' என்று சொன்னதும் இந்தக் காட்டுப் பசுவைத்தான். மலைக்காரர்கள் 'காட்டுமாடு' என்று சொல்வதே சரியான பெயர்.

வளர்ந்த காளை ஒன்று 1,000 கிலோ வரை எடை இருக்கும். தோள் உயரம் 6 அடியைத் தொடும். உலகில் உள்ள காட்டுமாடுகளில் பெரும்பகுதி இந்தியாவில்தான் இருக்கின்றன. கோவா, பீகார் மாநிலங்களின் மாநில விலங்கும் இதுதான். இதன் நெருங்கிய உறவான மிதுன் மாடுகள் அருணாசலப் பிரதேசத்திலும் நாகாலாந்திலும் மனிதர்களோடு வாழ்கின்றன. அவை நாளெல்லாம் காட்டில் சுதந்திரமாக மேயும். வளர்ப்பவர் கையில் உப்போடு போய் அழைத்தால் அருகில் வரும்!

கதவைத் திறந்த கன்னி மாடுகள்

மாடு என்றால் மந்தம் என்று ஒரு நினைப்பு நமக்கு உண்டு. 2004-ல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் கிறிஸ்டின் ஹேகன், டொனால்டு புரூம் இருவரும் கன்னி மாடுகளை வைத்து ஒரு சோதனை செய்தார்கள். ஒரு பலகையை அழுத்தினால் கதவு திறக்கும், அந்தப் பக்கம் தீவனம் கிடைக்கும். விஷயத்தைத் தானாகப் புரிந்துகொண்ட மாடுகளுக்கு, கற்றுக்கொண்ட அந்த நேரத்தில் இதயத்துடிப்பு கூடியது. துள்ளலோடு தீவனத்தை நோக்கி ஓடின. எதுவும் செய்யாமலே கதவு திறந்த மாடுகளிடம் அந்த உற்சாகம் இல்லை. 'நானே கண்டுபிடித்துவிட்டேன்' என்ற மகிழ்ச்சி மாட்டுக்கும் உண்டு என்பதற்கான அடையாளமாக இதை அவர்கள் பார்த்தார்கள்.

காட்டில் வாழும் அதன் சொந்தக்காரருக்குப் புத்தி இன்னும் அதிகம் தேவை. மனித நடமாட்டம் இல்லாத காட்டில் காட்டுமாடு பகலிலும் மேயும். மனிதர்கள் தொல்லை தரும் இடங்களில் பகலில் மறைவாகப் படுத்து அசைபோட்டுவிட்டு, இரவில் மேய வெளியே வரும். ஆட்கள் வீடு திரும்பிய பிறகு தோட்டத்தில் கால் வைப்பது தற்செயல் இல்லை. நம் கால அட்டவணையை அது படித்து வைத்திருக்கிறது.

மந்தையில் பசுக்களும் கன்றுகளும் இளம் காளைகளும் இருக்கும். பெரும்பாலும் வயது முதிர்ந்த பசு ஒன்று முன்னால் நடக்கும். எங்கே தண்ணீர், எந்தச் சரிவில் புல், எங்கே ஆபத்து என்பதையெல்லாம் கன்றுகள் அந்தப் பெரியவளின் பின்னால் நடந்தே கற்றுக்கொள்கின்றன. பெரிய காளைகள் பல நேரம் தனியாகத் திரியும். ஊருக்குள் தனியாக நிற்பது பெரும்பாலும் இப்படிப்பட்ட காளைதான்.

முட்டுவதற்கு முன்னால்...

1960-களில் மத்தியப் பிரதேசத்தின் கன்ஹா காட்டில் காட்டுமாடுகளைக் கவனித்த விலங்கியல் அறிஞர் ஜார்ஜ் ஷாலர், ஒரு சுவாரஸ்யமான பழக்கத்தைப் பதிவு செய்தார். இரண்டு காளைகளுக்குள் போட்டி வந்தால், எடுத்தவுடன் முட்டிக்கொள்வதில்லை. உடம்பைப் பக்கவாட்டில் திருப்பி, முதுகு மேட்டை உயர்த்தி, 'என் அளவைப் பார்த்துக்கொள்' என்பதுபோல மெதுவாக நடக்கும். சிறியது ஒதுங்கிப் போய்விடும். ரத்தம் சிந்தாமலே வழக்கு முடிந்துவிடும்.

நம்மிடமும் அது பல நேரம் முதலில் பேசத்தான் செய்கிறது. தலையைத் தூக்கி, காதுகளை முன்னால் நிறுத்தி உற்றுப் பார்த்தால், 'உன்னைப் பார்த்துவிட்டேன்' என்று பொருள். மூக்கால் 'புஸ்ஸ்' என்று விசில்போலச் சீறினால், மந்தைக்கு எச்சரிக்கை. காலைத் தரையில் உதைத்தாலோ, தலையை ஆட்டித் தாழ்த்தினாலோ, பக்கவாட்டில் திரும்பி உடம்பைக் காட்டினாலோ, 'இனி நெருங்காதே' என்று அர்த்தம்.

பிரச்னை என்னவென்றால், சுற்றுலா வந்தவர் அந்த நிமிடத்தில்தான் செல்ஃபிக்காக இன்னும் இரண்டு அடி முன்னால் போகிறார். 'போஸ் கொடுக்கிறது' என்று சிரிக்கிறார். அது மிரட்டிக்கொண்டிருக்கிறது!

புல்வெளி எங்கே போனது?

இவ்வளவு விவரமான விலங்கு ஏன் மனிதர்களிடம் வருகிறது? பதில் புல்லில் இருக்கிறது.

பழனி மலையின் உயரமான பகுதிகள் ஒரு காலத்தில் சோலைக்காடும் புல்வெளியும் கலந்து கிடந்தவை. தோல் பதனிடும் பட்டைக்காக வாட்டில், மரக்கூழுக்காக யூகலிப்டஸ், பைன் என்று வெளிநாட்டு மரங்களை மனிதர்கள் நட்டார்கள். வாட்டில் தானாகவும் பரவியது. விவசாயமும் விரிந்தது. செயற்கைக்கோள் படங்களை ஒப்பிட்டு 2018-ல் வெளியான ஆய்வு, நாற்பது ஆண்டுகளில் பழனி மலைப் புல்வெளிகள் மூன்றில் இரண்டு பங்கு சுருங்கிவிட்டதைக் காட்டியது. பைன் ஊசியிலைகள் மெத்தைபோல மூடிய தரையில் புல் சரியாக முளைக்காது. பசியோடு வரும் விலங்குக்குப் பக்கத்திலேயே பச்சைத் தோட்டம் தெரிகிறது. ஊருக்குள் போனால் குப்பைத்தொட்டியில் காய்கறிக் கழிவும் கிடைக்கிறது.

இதில் விவசாயியின் வலி பெரிது. கடன் வாங்கி, மாதக்கணக்கில் வளர்த்த பயிரை ஒரே இரவில் மிதித்துவிட்டுப் போனால் யாருக்குத்தான் மனம் பொறுக்கும்? பயிர்ச் சேதத்துக்கு வனத்துறையிடம் நிவாரணம் கேட்டு விண்ணப்பிக்கலாம். ஆனால், கோபத்தில் வேலியில் நேரடியாக மின்சாரம் பாய்ச்சுவது சட்டப்படி குற்றம். அதில் மனிதர்களும் சிக்கி உயிரிழக்கிறார்கள்.

நெருக்கம் காட்டுமாட்டுக்கும் நல்லதில்லை. வீட்டு மாடுகளின் கோமாரி போன்ற நோய்கள் அதற்கும் தொற்றும். 1968-ல் முதுமலை, பந்திப்பூர் காடுகளில் வெக்கை நோய் பரவியபோது காட்டுமாடுகள் பெருமளவில் மடிந்தன.

எதிரே வந்தால் என்ன செய்வது?

* அது போகும் வழியை மறிக்காதீர்கள். ஒரு பக்கமாவது திறந்திருந்தால் பெரும்பாலும் அதுவே விலகிப் போகும்.

* வண்டியில் இருந்தால் தூரத்திலேயே நிறுத்துங்கள். ஹாரன் அடிக்காதீர்கள், விளக்கை அதன் முகத்தில் அடிக்காதீர்கள்.

* பொன்னிறக் கன்று கண்ணில் பட்டால் தாய் அருகில்தான் இருக்கிறது. இருவருக்கும் நடுவே போகவே கூடாது.

* நாயோடு நடக்காதீர்கள். நாய் குரைத்துச் சீண்டிவிட்டு உங்களிடமே ஓடிவரும். பின்னாலேயே காட்டுமாடும் வரும்.

* பின்பக்கமாக நெருங்காதீர்கள். மாட்டின் கண்ணுக்கு ஏறக்குறைய நாலா பக்கமும் தெரியும். நேர் பின்புறம் மட்டும் தெரியாது. அங்கே திடீர் அசைவு என்றால் மிரண்டுவிடும்.

* உணவு கொடுத்துப் பழக்காதீர்கள். காய்கறிக் கழிவைத் திறந்த வெளியில் கொட்டாதீர்கள்.

* ஊருக்குள்ளேயே நின்றுவிட்டால், கூட்டமாகச் சேர்ந்து விரட்டாமல் வனத்துறைக்குச் சொல்லுங்கள்.

பள்ளங்கியில் விடியும்போது காட்டுமாடு மேட்டுக்குத் திரும்பியிருக்கும். ஈர மண்ணில் குளம்புத் தடம் மட்டும் இருக்கும். மலையில் வளரும் குழந்தைகள் அந்தத் தடத்தைப் பார்த்தே எந்தப் பக்கம் போயிருக்கிறது என்று சொல்லிவிடுவார்கள். அடுத்த முறை கொடைக்கானல் போகும்போது, காதை நிமிர்த்தி உங்களைப் பார்க்கும் காட்டுமாட்டின் முன்னால் செல்போனை எடுப்பதற்குப் பதில், நாலு அடி பின்னால் போங்கள். அது சொன்னது உங்களுக்குப் புரிந்துவிட்டது என்று அதற்கும் தெரியும்.