பொதுக் கிணறும் அக்காவின் கையெழுத்தும்

வத்தலக்குண்டுப் பக்கத்துத் தோப்புகளில் நிலத்தைப் பிரிப்பது எளிது. கிணற்றைப் பிரிக்க முடியாது. அண்ணனுக்கு வடபாகம், தம்பிக்குத் தென்பாகம் என்று வரப்புப் போட்டுவிடலாம். மோட்டார் ஓட்டும் முறை யாருக்கு எந்த நாள், இலவச மின் இணைப்பு யார் பேரில், வண்டிப்பாதை யார் பங்கில் என்பதையெல்லாம் பத்திரத்தில் எழுதாமல் வாய்ச்சொல்லாக விட்டால், அடுத்த தலைமுறையில் பங்காளிச் சண்டை மூளும். பட்டா இன்னும் தாத்தா பேரிலேயே இருந்தால் சொல்லவே வேண்டாம். இவ்வூர்க்காரரான ராஜமய்யர் 1893 முதல் தொடராக எழுதிய ‘கமலாம்பாள் சரித்திர’த்திலும் அண்ணன் தம்பி குடும்பப் பகை உண்டு, அங்கே மூட்டிவிடுபவள் தம்பி மனைவி. பழியை மருமகள் தலையில் போடுவது ஆண்களுக்கு என்றுமே வசதி.

இந்தச் சண்டையில் கண்ணில் படாமல் போவது அக்கா தங்கையின் பங்கு. இந்துக் குடும்பங்களின் பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் சமபங்கு என்று தமிழ்நாடு 1989-லேயே சட்டம் செய்தது. அவ்வாண்டு மார்ச் 25-க்கு முன் கல்யாணமானவர்களுக்கு அது கிடைக்கவில்லை. 2005 செப்டம்பர் 9-இல் நடைமுறைக்கு வந்த மத்திய அரசின் திருத்தம் அந்தத் தடையை நீக்கியது. அன்று தந்தை உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. 2004 டிசம்பர் 20-க்கு முன் பதிவான பாகப்பிரிவினையைத் திருத்தம் தொடாது.

சட்டம் கொடுத்தது சார்பதிவாளர் அலுவலகத்தில் கைநழுவுகிறது. “நகை போட்டாச்சு, சீர் செஞ்சாச்சு, இன்னும் என்ன பங்கு?” என்றபடி விடுதலைப் பத்திரத்தை நீட்டுவார்கள். மறுத்தால் பிறந்த வீட்டுக் கதவு அடைபடும். கையெழுத்துப் போட்டால் பிள்ளைகளுக்குத் தாய்மாமன் சீராவது மிஞ்சும். வாரிசுச் சான்றிதழிலேயே மகள் பெயரை விட்டுவிடுகிறவர்களும் உண்டு.

பெற்றோரிடம் தான செட்டில்மென்ட் எழுதி வாங்கிக்கொண்டு சோறு போடாத பிள்ளைகளும் இருக்கிறார்கள். பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு கொடுத்த சொத்தை, 2007-ஆம் ஆண்டு மூத்த குடிமக்கள் சட்டத்தின் 23-ஆம் பிரிவின்படி கோட்டாட்சியரிடம் மனுக் கொடுத்து ரத்து செய்யலாம்.

மற்றதெல்லாம் பாகப்பிரிவினை வழக்குத்தான். முதலில் யாருக்கு எவ்வளவு என்ற முதல்நிலைத் தீர்ப்பாணை, பிறகு ஆணையர் வந்து அளந்தபின் இறுதித் தீர்ப்பாணை. இது எவ்வளவு இழுக்கும் என்பதற்குத் தமிழ்நாட்டு வழக்கொன்று இருக்கிறது. சொத்துக்காரர் 1949-இல் இறந்தார். ஒரே மகள் 1967-இல் பிள்ளையின்றி இறந்தார். சொத்து முழுதும் தங்களுக்கே என்றது சொத்துக்காரருடைய சகோதரர் மகனின் கிளை. அந்த மகனோடு பிறந்த சகோதரி தம் பங்கைக் கேட்டார். விசாரணை நீதிமன்றம் 1994-இலும் உயர் நீதிமன்றம் 2009-இலும் கைவிரித்தன. 1956 இந்து வாரிசுரிமைச் சட்டத்துக்கு முன் இறந்தவரின் சுயசம்பாத்தியமும் மகளுக்கே சேரும், ஆகவே அம்மகளுக்குப்பின் வழக்குப் போட்டவருக்கும் பங்கு உண்டு என்று உச்ச நீதிமன்றம் 2022 ஜனவரியில் தீர்ப்பளித்தது.