சந்தா முடிந்தால் பாட்டும் முடியும்: கணினிக்கு ‘அங்கீகாரம்’ எதற்கு?

கொல்கத்தா: மாதச் சந்தா செலுத்தி இசைச் செயலியிலிருந்து கணினியில் பதிவிறக்கம் செய்த பாடல், சந்தா முடிந்தபின் ஒலிப்பதில்லை. கோப்பு வன்தட்டிலேயே இருக்கலாம். அதன் அளவும் குறைந்திருக்காது. ஆனால் அதைத் திறப்பதற்கான சாவி அந்தக் கணினியிடம் இருக்காது. அந்தச் சாவியைக் கொடுப்பதும் திரும்பப் பெறுவதும்தான், செயலிகளில் ‘இக்கணினியை அங்கீகரி’, ‘அங்கீகாரத்தை நீக்கு’ என்ற பெயர்களில் காணப்படும் நடைமுறை. புதிய கணினி வாங்குவோரும் பழையதை விற்போரும் இதைக் கவனிக்கத் தவறுவதால், பணம் கட்டிய பாடல்களையே கேட்க முடியாத நிலை ஏற்படுகிறது.

இசை என்பது கையில் பிடித்து வாங்கும் பொருளாக இந்தியாவில் முதன்முதலில் மாறிய நகரம் கொல்கத்தா. 1902ஆம் ஆண்டு நவம்பரில், கிராமபோன் நிறுவனத்தின் ஒலிப்பதிவாளர் ஃபிரெட் கெய்ஸ்பெர்க், பாடகி கௌஹர் ஜானின் குரலை இங்குதான் பதிவு செய்தார். அந்தப் பதிவுகள் ஜெர்மனியின் ஹனோவர் நகருக்கு அனுப்பப்பட்டு, இசைத்தட்டுகளாகத் திரும்பி வந்தன. 1908இல் சியால்தா பகுதியிலேயே தட்டு அச்சிடும் தொழிற்சாலை அமைந்தது. பின்னர் அது டம்டமுக்கு இடம் மாறியது. ‘எச்எம்வி’ என்று நாடெங்கும் அறியப்பட்ட அந்த நிறுவனம் 2000ஆம் ஆண்டில் ‘சரிகம’ என்று பெயர் மாற்றிக்கொண்டது. அதன் தலைமையிடம் இன்றும் கொல்கத்தாதான்.

துர்கா பூஜைக் காலத்தில் புதிய பாடல்களை இசைத்தட்டுகளாக வெளியிடுவது வங்காளத்தில் நெடுங்கால வழக்கம். பாடல் வரிகள் அச்சிட்ட சிறு புத்தகமும் உடன் வரும். அவ்வாறு வாங்கிய தட்டுகள் தாத்தாவிடமிருந்து பேரனுக்குச் சென்றன; வீடு மாறியவர்கள் விற்றுவிட்டுப் போனவை இன்றும் மிர்சா காலிப் தெருவின் பழைய தட்டுக் கடைகளில் கிடைக்கின்றன. தட்டு யாரிடம் இருக்கிறதோ அவர் அதைக் கேட்கலாம். எந்த நிறுவனத்திடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை. சந்தா இசையில் மாறியிருப்பது இந்த ஒரு விஷயம்தான். மற்றவை எல்லாம் அதன் விளைவுகள்.

பூட்டும் சாவியும்

ஸ்ட்ரீமிங் எனப்படும் இணையவழி இசைச் சேவையில் ‘பதிவிறக்கம்’ என்ற சொல் சற்றே ஏமாற்றக்கூடியது. பயனாளரின் கணினிக்கு வருவது மறையாக்கம் செய்யப்பட்ட கோப்பு. அதாவது, பாடலின் தரவுகள் ஒரு சாவி இல்லாமல் படிக்க முடியாதபடி மாற்றி எழுதப்பட்டிருக்கும். அந்தக் கோப்பை வேறு கணினிக்கு நகலெடுக்கலாம். பென் டிரைவில் போட்டு நண்பருக்கும் கொடுக்கலாம். அங்கே அது ஒலிக்காது.

ஒரு கணினியை அங்கீகரிக்கும்போது, அந்தக் கணினிக்கான தனி அடையாளம் சேவை நிறுவனத்தின் சர்வருக்குச் செல்கிறது. பயனாளரின் கணக்கோடு அந்த அடையாளம் சேர்த்துப் பதிவு செய்யப்படுகிறது. கணக்கில் அனுமதிக்கப்பட்ட எண்ணிக்கைக்குள் இருந்தால், பாடல்களைத் திறக்கும் சாவி அந்தக் கணினிக்கு வழங்கப்படுகிறது. ஆகவே ஒரு பாடல் ஒலிக்க மூன்றும் பொருந்த வேண்டும்: கணக்கு, கணினி, நடப்பில் உள்ள சந்தா. இவற்றில் ஒன்று விலகினாலும் கோப்பு வெறும் எண்களின் குவியலாகிவிடும்.

ஆப்பிள் நிறுவனத்தின் இசைச் சேவையில் இது வெளிப்படையாகத் தெரியும். மேக் கணினியில் உள்ள மியூசிக் செயலியிலும், விண்டோஸ் கணினியில் உள்ள ஐடியூன்ஸ் செயலியிலும் ‘அக்கவுண்ட்’ பட்டியலைத் திறந்தால் ‘ஆதரைசேஷன்ஸ்’ என்ற பகுதி இருக்கும். அதில் அந்தக் கணினியை அங்கீகரிக்கலாம். அங்கீகாரத்தை நீக்கவும் செய்யலாம். ஒரு கணக்கில் அதிகபட்சம் 5 கணினிகளையே அங்கீகரிக்க முடியும். ஐபோன், ஐபேட் ஆகியவை இந்த ஐந்தில் சேராது. ஒரே வீட்டில் ஒரு கணினியைப் பலர் பயன்படுத்தினால், அதை ஒவ்வொருவரும் தத்தம் கணக்கில் தனித்தனியே அங்கீகரித்துக்கொள்ள வேண்டும்.

ஸ்பாட்டிஃபை போன்ற சேவைகளில் இப்படி ஒரு பொத்தான் கண்ணில் படாது. கணக்கில் நுழைந்ததும் அங்கீகாரம் பின்னணியில் நடந்துவிடுகிறது. பதிவிறக்க வசதியுள்ள சந்தாவில் 5 கருவிகள் வரை, ஒவ்வொன்றிலும் 10,000 பாடல்கள் வரை சேமிக்கலாம் என்பது அந்த நிறுவனத்தின் பொதுவான வரம்பு. ஆறாவது கருவியில் இறக்கினால், நெடுநாளாகப் பயன்படுத்தாத கருவியிலிருந்து பாடல்கள் நீக்கப்பட்டுவிடும். 30 நாள்களுக்கு ஒருமுறையாவது இணையத்தோடு இணைய வேண்டும் என்ற நிபந்தனையும் உண்டு. சந்தா இன்னும் நடப்பில் இருக்கிறதா என்று சர்வர் சரிபார்க்கும் நேரம் அது. இணைய வசதி இல்லாத ஊருக்கு ஒரு மாதத்துக்கும் மேலாகச் செல்பவர், பணம் கட்டியிருந்தாலும் பாடல்களை இழக்க நேரிடும்.

விற்பனையா, வாடகையா?

சந்தா முறையில் இறக்கிய பாடல் சட்டத்தின் பார்வையில் என்ன என்ற கேள்வி இந்திய நீதிமன்றத்தின் முன் நேரடியாகவே வந்திருக்கிறது. டிப்ஸ் இசை நிறுவனத்துக்கும் ஏர்டெல்லின் விங்க் சேவைக்கும் இடையிலான வழக்கு அது. உரிமத் தொகை குறித்துப் பேச்சு முறிந்ததும், காப்புரிமைச் சட்டத்தின் 31டி பிரிவின் கீழ் வானொலி நிலையங்களுக்குக் கிடைக்கும் சட்டப்படியான உரிமம் தமக்கும் உண்டு என்று விங்க் வாதிட்டது. மும்பை உயர் நீதிமன்றம் 2019 ஏப்ரலில் அதை ஏற்க மறுத்தது. மாதக் கட்டணம் செலுத்தி, செயலிக்குள் பாடலைச் சேமித்து, இணையம் இல்லாமலும் கேட்கும் வசதி ‘வணிக வாடகை’. ஒரு பாடலுக்கு விலை கொடுத்து நிரந்தரமாகப் பெறுவது ‘விற்பனை’. இவை இரண்டும் ஒலிபரப்பு ஆகா என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். 2022 அக்டோபரில் இரு நீதிபதிகள் அமர்வும் தனி நீதிபதியின் உத்தரவை உறுதி செய்தது.

வழக்கு இரு நிறுவனங்களுக்கு இடையிலானது என்றாலும், ‘வாடகை’ என்ற அந்தச் சொல் சந்தாதாரரின் நிலையையும் தெளிவாகக் காட்டிவிடுகிறது. விளம்பரங்கள் அந்தச் சொல்லைப் பயன்படுத்துவதில்லை.

பூட்டை உடைக்க உதவுவதாகச் சொல்லிக்கொள்ளும் மென்பொருள்கள் இணையத்தில் ஏராளம். 2012இல் திருத்தப்பட்ட காப்புரிமைச் சட்டத்தில் 65ஏ என்ற பிரிவு சேர்க்கப்பட்டது. காப்புரிமையை மீறும் நோக்கத்துடன் இத்தகைய தொழில்நுட்பப் பாதுகாப்பை முறியடிப்பவருக்கு 2 ஆண்டுகள் வரை சிறைத் தண்டனையும் அபராதமும் விதிக்க அது வழிசெய்கிறது. சட்டம் தடை செய்யாத நோக்கங்களுக்கு அதே பிரிவில் விலக்குகள் உள்ளன. ஆயினும் சேவை நிறுவனங்களின் ஒப்பந்த விதிகள் அதைவிடக் கடுமையானவை. பூட்டை உடைப்பவரின் கணக்கை முடக்கும் அதிகாரம் நிறுவனத்துக்கு உண்டு.

அதே 2012ஆம் ஆண்டில்தான் கொல்கத்தாவில் மற்றொரு முக்கிய நிகழ்வும் நடந்தது. இசைத்துறையினர் தொடுத்த வழக்கில், பாடல்களை அனுமதியின்றி இலவசமாக வழங்கிய 104 இணையதளங்களை முடக்குமாறு 387 இணையச் சேவை நிறுவனங்களுக்குக் கல்கத்தா உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. பூட்டில்லாத எம்பி3 கோப்புகள் தாராளமாகக் கிடைத்த காலம் அது. இந்தியாவுக்கான ஐடியூன்ஸ் கடை அந்த ஆண்டு டிசம்பரில் திறக்கப்பட்டது. ஆப்பிள் மியூசிக் 2015இலும், ஸ்பாட்டிஃபை 2019 பிப்ரவரியிலும் இந்தியாவுக்கு வந்தன.

ஐடியூன்ஸ் கடையில் விலைக்கு விற்கப்பட்ட பாடல்களின் பூட்டை ஆப்பிள் 2009இலேயே நீக்கிவிட்டது. எனவே இந்தியர்கள் அங்கு விலைக்கு வாங்கிய பாடல்கள் சந்தா முடிந்தாலும் ஒலிக்கும். சந்தாவில் இறக்கியவை ஒலிக்காது. ஒரே செயலியில், ஒரே பட்டியலில், அருகருகே இருக்கும் இரு பாடல்களுக்கு இடையே இவ்வளவு வேறுபாடு இருப்பது பலருக்கும் தெரிவதில்லை.

கடை மூடினால்?

சாவியைத் தருவது தொலைவில் உள்ள ஒரு சர்வர் என்பதால், அதை இயக்கும் நிறுவனம் கடையை மூடினால் என்ன ஆகும் என்ற கேள்வி எழுகிறது. மைக்ரோசாஃப்ட்டின் எம்எஸ்என் மியூசிக் கடையில் பாடல்களை விலைக்கே வாங்கியவர்களுக்கு, 2008இல் ஓர் அறிவிப்பு வந்தது. குறிப்பிட்ட நாளுக்குப் பின் புதிய கணினிகளுக்குச் சாவி வழங்கப்படாது என்றது அது. எதிர்ப்பு வலுத்ததால் நிறுவனம் காலக்கெடுவை நீட்டித்தது. யாஹூவும் அதே ஆண்டில் இத்தகைய சர்வர்களை மூடி, வாடிக்கையாளர்களுக்கு ஈடு செய்ய முன்வந்தது.

இந்தியாவில் டிங்கானா, ஆர்டியோ, ரெஸ்ஸோ என ஒன்றன்பின் ஒன்றாக இசைச் சேவைகள் மறைந்துள்ளன. ரெஸ்ஸோ 2024 ஜனவரி இறுதியில் மூடப்பட்டது. மேற்கண்ட வழக்கில் இடம்பெற்ற விங்க் செயலியையும் நிறுத்துவதாக ஏர்டெல் அதே ஆண்டு ஆகஸ்டில் அறிவித்தது. செயலிக்குள் பூட்டிச் சேமிக்கப்படும் பாடல்களுக்கு, செயலியின் ஆயுள்தான் ஆயுள்.

இதற்கு நேர்மாறான ஒரு பொருளைக் கொல்கத்தாவின் சரிகம நிறுவனமே 2017இல் சந்தைக்குக் கொண்டுவந்தது. 5,000 பழைய பாடல்களை உள்ளே பதித்து, பழைய வானொலிப் பெட்டியின் வடிவில் வந்த ‘காரவான்’ அது. தமிழ்ப் பாடல்களுக்கும் தனிப் பதிப்பு வெளியானது. அதற்குக் கணக்கும் வேண்டாம், கடவுச்சொல்லும் வேண்டாம். முதியோர் அதை விரும்பி வாங்கியதில் வியப்பில்லை.

கணினியை விற்கும் முன்

கொல்கத்தாவின் சாந்தினி சந்தையில் பழைய கணினிகளை விற்பதும் பழுதுபார்ப்பதும் நாள்தோறும் நடக்கும் வணிகம். அங்கு கணினியைக் கொடுக்கும் முன் கோப்புகளை அழிப்பவர்கள், அங்கீகாரத்தை நீக்க மறந்துவிடுவதுண்டு. வன்தட்டை அழித்தாலும் சர்வரில் உள்ள பதிவு அழியாது. விற்ற கணினி கணக்கின் ஐந்து இடங்களில் ஒன்றைப் பிடித்துக்கொண்டே இருக்கும். விண்டோஸை மீண்டும் நிறுவுவதற்கு முன்பும், நினைவகம், வன்தட்டு போன்ற பாகங்களை மாற்றுவதற்கு முன்பும் அங்கீகாரத்தை நீக்கிவிடுமாறு ஆப்பிள் அறிவுறுத்துகிறது. பாகம் மாறிய அதே கணினி புதிய கணினியாகக் கருதப்பட்டு, இன்னோர் இடத்தையும் பிடித்துக்கொள்ள வாய்ப்புண்டு என்பதே காரணம்.

வீட்டில் உள்ள பழைய தட்டுகளையும் ஒலிநாடாக்களையும் தாங்களே கணினியில் ஏற்றி வைத்திருப்பவர்கள் கூடுதலாக ஒன்றைக் கவனிக்க வேண்டும். சந்தாச் சேவையின் ‘சிங்க் லைப்ரரி’ வசதியை இயக்கினால், அந்தச் சொந்தப் பாடல்களும் நிறுவனத்தின் மேகச் சேமிப்பில் சேர்ந்து மற்றக் கருவிகளிலும் தோன்றும். அதை நம்பி மூலக் கோப்புகளை அழித்துவிட்டால், சந்தாவை நிறுத்தியபின் மேகச் சேமிப்பிலிருந்து அவற்றைப் பெற இயலாமல் போகலாம். தமது சேவை காப்பு நகலுக்கானது அன்று என்று ஆப்பிளே கூறுகிறது. சொந்தப் பதிவுகளைத் தனி வன்தட்டில் நகலெடுத்து வைத்த பிறகே அந்த வசதியை இயக்குவது பாதுகாப்பு.

பழைய கணினி ஏற்கெனவே கைமாறிவிட்டது, ஐந்து இடங்களும் நிரம்பிவிட்டன என்றால் கணக்குப் பக்கத்தில் ‘அனைத்து அங்கீகாரங்களையும் நீக்கு’ என்ற வழி இருக்கிறது. அதை ஆண்டுக்கு ஒருமுறை மட்டுமே பயன்படுத்தலாம். அதன்பின், தற்போது கையில் உள்ள கணினிகளை ஒவ்வொன்றாக மீண்டும் அங்கீகரிக்க வேண்டும்.