மால்ட்டாவும் மாஸ்கோவும்: இரு பயண நூல்கள்

இந்திய விடுதலைக்காக அயல்நாடு சென்றோரின் வரலாற்றை அறிய இருவகைச் சான்றுகள் உள்ளன. ஒன்று, அவர்களைக் கண்காணித்த ஆங்கில அரசின் ஆவணங்கள். மற்றொன்று, சென்றவர்களே எழுதிய நூல்கள். அவர்கள் எங்கே சென்றனர் என்பதை ஆவணங்கள் கூறும். சென்ற இடத்தில் அவர்தம் உள்ளம் எவ்வாறு மாறியது என்பதை நூல்களே கூறும். இதனை இரு நூல்களின் வழியாகக் காண்போம்.

முதலாவது, மௌலானா ஹுஸைன் அஹ்மது மதனீ (ரஹ்) உருதுவில் எழுதிய 'அஸீரே மால்ட்டா'. தேவ்பந்த் தாருல் உலூமின் தலைமை ஆசிரியரான ஷைகுல் ஹிந்த் மஹ்மூதுல் ஹஸன் (ரஹ்), துருக்கியரின் துணையுடன் ஆங்கில ஆட்சியை அகற்றக் கருதி 1915இல் ஹிஜாஸ் சென்றார். துருக்கியரை எதிர்த்தெழுந்த மக்காவின் ஷரீஃப் ஹுஸைன் அவரைச் சிறைப்படுத்தி ஆங்கிலேயரிடம் ஒப்படைத்தார். 1917 முதல் 1920 வரை அவர் மால்ட்டாத் தீவில் கைதியாக இருந்தார். திருக்குர்ஆனின் உருது மொழிபெயர்ப்புப் பணியை அங்கும் தொடர்ந்தார். அவருடன் சிறையிருந்த மாணவரே இந்நூலாசிரியர்.

இரண்டாவது, ஷௌகத் உஸ்மானி ஆங்கிலத்தில் எழுதி 1927இல் வெளிவந்த 'பெஷாவரிலிருந்து மாஸ்கோவுக்கு'. 1920இல் ஹிஜ்ரத் இயக்கத்தில் ஆயிரக்கணக்கானோர் ஆப்கானிஸ்தான் சென்றனர். அவர்களுள் சிலர், துருக்கியை அடைந்து கிலாபத்தைக் காக்க எண்ணி மேலும் வடக்கே நடந்தனர். உஸ்மானியும் உடன் சென்றார். வழியில் துர்க்மேனியரிடம் அகப்பட்டு உயிர் தப்பிய அவர்கள், கெர்க்கி நகரைக் காக்கச் செம்படையுடன் நின்று போரிட்டனர். துருக்கிக்குப் புறப்பட்ட அவ்விளைஞர், மாஸ்கோ சென்று பொதுவுடைமையாளராய்த் தாயகம் மீண்டார்.

இரு பயணங்களுக்கும் வித்து ஒன்றே. அது கிலாபத்தின் மீது கொண்ட பற்று. விளைவோ வேறு. மதனீ அவர்கள் சமய நெறியில் நின்றே, இந்நாட்டு மக்கள் அனைவரும் ஒரே தேசத்தார் என 1938இல் நூல் எழுதினார். உஸ்மானி உழைப்பாளர் இயக்கத்தைத் தழுவினார். எனினும், 1921இல் கராச்சி வழக்கில் முன்னவரையும், 1924இல் கான்பூர் வழக்கில் பின்னவரையும் சிறைக்கு அனுப்பியது ஒரே ஆட்சிதான்.

இவ்விருவருள் ஒருவரை மட்டும் நம்மவர் எனக் கொண்டு மற்றவரை மறப்பது எளிது. அவ்வாறு மறப்பின், குறைபடுவது நமது வரலாறே ஆகும். ஆதலின் மாணவர்கள் இவ்விரு நூல்களையும் ஒருசேரக் கற்பது நன்று. கொள்கையில் வேறுபட்டோரும் ஒரே விடுதலைக்குத் தம்மை ஈந்தனர் என்னும் தெளிவு அக்கல்வியால் பிறக்கும்.